நானும் உங்கள் வேலைக்கே வந்துவிட்டேன், அப்பா

எடின்பரோ,
ஞாயிறு இரவு

அன்புள்ள அப்பாவுக்கு,

போனில் நான் கத்துவது மாடிப்படி முழுக்கக் கேட்கிறது. உங்களுக்கு மட்டும் கேட்பதில்லை. அம்மாவை நடுவில் நிறுத்தினால் பாதிச் செய்தி அவளிடமே தங்கிவிடுகிறது. ஆகவே பழையபடி காகிதம். எழுத்தைப் பெரிதாகவே எழுதியிருக்கிறேன், பூதக்கண்ணாடி தேட வேண்டாம்.

மூவரும் நலம். உங்கள் மருமகளுக்கு இந்த வாரம் ஆஸ்பத்திரியில் இரவு ஷிப்ட். பாப்பா பள்ளியிலிருந்து கொண்டுவருகிற இங்கிலீஷ் எனக்குப் பாதிதான் புரிகிறது. குளிர் தொடங்கிவிட்டது. வெள்ளிக்கிழமை கடலிலிருந்து ஏறிய மூடுபனியில் எதிர்வீடே காணாமல் போயிற்று. அங்கே இப்போது நவராத்திரி எழுந்தருளலுக்கு யானை வந்திருக்கும். பத்மநாபபுரம் அரண்மனையின் உப்பிரிகை மாளிகையில் உடைவாள் கைமாறும்போது, ஓய்வு பெற்று இத்தனை வருடம் ஆன பிறகும், நீங்கள் துவைத்த வேட்டியோடு முதல் வரிசையில் நின்றிருப்பீர்கள். சரஸ்வதி அம்மன் யானை மேலும், வேளிமலை முருகனும் சுசீந்திரத்து நங்கையும் பல்லக்கிலுமாகத் திருவனந்தபுரம் புறப்படுவதைப் பார்க்காமல் போகிற மூன்றாவது வருடம் எனக்கு இது.

உங்களிடம் சொல்லாமல் வைத்திருந்த ஒன்றைச் சொல்லத்தான் எழுத உட்கார்ந்தேன். இங்கே டிரைவர் வேலை என்று சொன்னேன் அல்லவா, அது பாதி உண்மை. வண்டி ஓட்டுகிறேன், ஆனால் சம்பளம் வாய்க்குத்தான். ஒரு குடும்பத்தை மட்டும் தனியாக ஏற்றிக்கொண்டு, காலை முதல் மாலை வரை கோட்டை கோட்டையாகக் காட்டிக் கதை சொல்லித் திரும்பக் கொண்டுவந்து விடவேண்டும். அதாவது, அரண்மனையில் வழிகாட்டியாக நீங்கள் செய்த வேலை. "முப்பது வருஷமாக ஒரே வசனத்தை ஒப்பிக்கிறீர்களே, சலிக்கவில்லையா?" என்று பன்னிரண்டாம் வகுப்பு படிக்கும்போது ஊட்டுப்புரைச் சாப்பாட்டுக்கூடத்து வாசலில் நின்று உங்களைக் கேட்டவன் நான். அந்த வெட்கத்தில்தான் சொல்லவில்லை.

என் வண்டியில் ஏறுகிறவர்கள் கோட்டைக்காக வருவதில்லை. 'அவுட்லாண்டர்' என்று ஒரு தொலைக்காட்சித் தொடர், 2014இல் தொடங்கியது. இரண்டாம் உலகப் போரில் நர்ஸாக இருந்தவள், போர் முடிந்த கையோடு கணவனுடன் ஸ்காட்லாந்துக்கு வருகிறாள். ஒரு கல்வட்டத்தில் நிற்கும் கல்லைத் தொட்டவள் 1743இல் போய் விழுகிறாள். அங்கே ஜேமி என்று ஒரு மலைநாட்டு வாலிபன், அவனோடு கல்யாணம். அம்மா பார்க்கிற சீரியலில் செத்தவர்கள் திரும்பி வருவார்கள். இதில் உயிரோடிருப்பவள் இருநூறு வருடம் பின்னால் போகிறாள். அதற்காக அமெரிக்காவிலிருந்து விமானம் ஏறி வருகிறார்கள்.

நேற்று வந்தவர்கள் அக்காள் தங்கை இருவர். இருவருக்கும் அறுபது தாண்டியிருக்கும். ஏறிய உடனே என்னைப் பெயர் சொல்லிக் கூப்பிட்டார்கள்; அது இங்கே மரியாதைக் குறைவு இல்லை, பழக எனக்குத்தான் நாளாயிற்று. முதலில் மிட்ஹோப். தொடரில் அது ஜேமியின் பூர்வீக வீடு. உண்மையில் ஒரு பெரிய எஸ்டேட்டுக்குள் நிற்கும் பதினாறாம் நூற்றாண்டுக் கோபுர வீடு. வெளியிலிருந்துதான் பார்க்கலாம். முகப்பு கம்பீரமாக இருக்கும், உள்ளே பாழ். வளைவு வாசலைக் கண்டதும் தங்கைக்குக் கண் கலங்கிவிட்டது. எங்கே நிற்பது என்று தெரியாமல் நான் தள்ளிப் போய் நின்றேன். யாரும் வாழாத வீட்டைப் பார்த்து, பிறக்கவே பிறக்காத ஒருவனுக்காக ஒருவர் அழுதால், வழிகாட்டி முகத்தை எப்படி வைத்துக்கொள்ள வேண்டும்? நீங்கள் இதை எனக்குச் சொல்லித் தந்திருக்கலாம்.

அடுத்தது பிளாக்னஸ். கடலுக்குள் மூக்கை நீட்டிய கப்பல் போலவே இருக்கும். 'கடலேறாத கப்பல்' என்றுதான் இங்கே சொல்கிறார்கள். தொடரில் இதற்குப் பெயர் வில்லியம் கோட்டை. இதன் முற்றத்தில்தான் ஜேமிக்குக் கசையடி. நிஜமான வில்லியம் கோட்டை வடமேற்கே மலைநாட்டில் இருந்தது. அதன் பெரும்பகுதியை ரயில் பாதைக்காக எடுத்துவிட்டார்கள். பக்கத்திலுள்ள லின்லித்கோ அரண்மனையைத் தொடரில் சிறைச்சாலை ஆக்கியிருக்கிறார்கள். 1542 டிசம்பரில் ஸ்காட்லாந்து ராணி மேரி பிறந்த வீடு அது. ராணி பிறந்த இடத்தைக் கொட்டடி என்று காட்டியதை நீங்கள் பார்த்திருந்தால் டிவியை அணைத்திருப்பீர்கள்.

சென்ற மாதம் ஒருவர் என்னைப் பற்றி எங்கள் முதலாளிக்கு எழுதியிருந்தார்: "நல்ல மனிதர். சரித்திரம் அதிகம், ஜேமி குறைவு." முதலாளி சிரித்துக்கொண்டேதான் காட்டினார், ஆனால் காட்டினார். அன்று இரவு தூக்கம் வரவில்லை. அப்போது உங்கள் நினைவு வந்தது.

'மணிச்சித்திரத்தாழ்' என்கிற அந்த மலையாளப் படத்தின் சில காட்சிகளை அரண்மனையில் எடுத்த பிறகு, கேரளத்திலிருந்து பஸ் பஸ்ஸாக வருகிறவர்கள் எல்லாரும் செருப்பைக் கழற்றுவதற்கு முன்பே "நாகவல்லி எங்கே ஆடினாள்?" என்றுதான் கேட்பார்கள். மற்ற ஊழியர்கள் சலித்துக்கொள்வார்கள். நீங்கள் ஒருநாளும் சலித்துக்கொண்டதில்லை. "வாருங்கள், காட்டுகிறேன்" என்பீர்கள். போகிற வழியில், "கீழே பாருங்கள், முகம் தெரிகிறதா? சிரட்டைக்கரியும் சுண்ணாம்பும் முட்டை வெள்ளையும் சேர்த்து இழைத்த தரை" என்பீர்கள். குனிந்து முகம் பார்த்தவர்கள் பிறகு நாகவல்லியை அவ்வளவாகக் கேட்க மாட்டார்கள். நான் அதைச் சமாளிப்பு என்று நினைத்திருந்தேன். அது தொழில் என்று தெரிய எனக்கு ஆறாயிரம் மைல் கார் ஓட்ட வேண்டியிருந்தது.

நேற்று டூன் கோட்டையில் அதைத்தான் செய்தேன். தொடரில் அது லியோக் கோட்டை, நாயகி முதலில் வந்து சேர்கிற இடம். முற்றத்தில் நிறுத்தி, அவள் குதிரையிலிருந்து இறங்குவதை எங்கே எடுத்தார்கள் என்று காட்டி, ஆசை தீரப் படம் எடுக்க விட்டேன். பிறகு சமையற்கட்டுக்குக் கூட்டிப் போனேன். அடுப்பு என்றால், அப்பா, நம் வீட்டு முன்னறை அதற்குள் அடங்கும். பதினான்காம் நூற்றாண்டின் கடைசியில் இதைக் கட்டியவர் ஆல்பனி பிரபு ராபர்ட் ஸ்டூவர்ட்; முடி சூடாமலே நாட்டை ஆண்டவர். "எங்கள் ஊர் அரண்மனையில் மேலே ஆயிரம், கீழே ஆயிரம் பேர் ஒரே பந்தியில் உட்கார்ந்து சாப்பிட இடம் உண்டு" என்று உங்கள் வசனத்தையும் நடுவில் சேர்த்துக்கொண்டேன். அக்காள் உடனே எந்த அரண்மனை என்றார். தமிழ்நாட்டு மண்ணில் நிற்கிறது, கேரள அரசு பராமரிக்கிறது என்றேன். 1956இல் நம் மாவட்டம் சென்னை மாநிலத்தோடு சேர்ந்த கதையை அங்கேயே சொல்ல வேண்டியதாயிற்று. ஸ்காட்லாந்துக்காரர் யாராவது பக்கத்தில் நின்றிருந்தால், தங்கள் காசுக்கு இது என்ன கூத்து என்று நினைத்திருப்பார்.

அதற்குப் பிறகுதான் நிஜக்கதை. 1746 ஜனவரியில் பால்கிர்க் சண்டையில் பிடிபட்ட அரசுத் தரப்பு ஆட்களை ஜாகோபைட்டுகள், அதாவது பழைய ஸ்டூவர்ட் வம்சத்துக்கு மறுபடி முடி சூட்டக் கிளம்பிய ஜேமியின் தரப்பு, இந்த டூன் கோட்டையில்தான் அடைத்து வைத்தார்கள். அவர்களில் ஒருவர் ஜான் ஹோம், பிற்காலத்தில் பெயர்பெற்ற நாடக ஆசிரியர். படுக்கை விரிப்புகளை முடிச்சுப் போட்டுக் கயிறாக்கி இரவில் இறங்கித் தப்பினார்கள். கடைசியில் இறங்கியவர்கள் விழுந்து அடிபட்டார்கள். இதைச் சொன்னபோது தங்கை போனைப் பைக்குள் வைத்துவிட்டார். எந்த ஜன்னல், எவ்வளவு உயரம் என்று அவரே அண்ணாந்து தேட ஆரம்பித்தார். எனக்கு உங்கள் தரை ஞாபகம் வந்தது.

கூரஸ் என்று ஒரு கடலோரச் சிற்றூர். கல்ராஸ் என்று படிக்கும்படி எழுதிவைத்துக் கூரஸ் என்று கூப்பிடுகிறார்கள். 'தக்கலை'யை வெள்ளைக்காரன் எழுதி வைத்திருக்கிற அழகுக்கு இது ஒன்றும் மோசமில்லை. மஞ்சள் பூச்சு அடித்த ஒரு வீட்டை இங்கே அரண்மனை என்கிறார்கள். ராஜா கட்டியது அல்ல, நிலக்கரியும் உப்பும் விற்றுப் பணம் சேர்த்த ஜார்ஜ் புரூஸ் என்கிற வியாபாரி கட்டியது. கடலுக்கு அடியில் சுரங்கம் போட்டுக் கரி எடுத்த மனிதர். 1625இல் ஒரு புயல் அந்தச் சுரங்கத்தை மூழ்கடித்தது. தொடரில் இந்த ஊரில் சூனியக்காரி என்று பெண்களைப் பிடித்து விசாரிப்பார்கள். கூரஸில் அப்படி நடந்தது உண்மைதான், நகர மன்றக் கட்டடத்தில் அடைத்து வைத்தும் இருக்கிறார்கள். ஆனால் கதை நடக்கிற 1743க்குள் அந்தச் சட்டமே போய்விட்டது. 1563இல் வந்த சட்டம், 1736இல் எடுத்துவிட்டார்கள். இதைச் சொல்வதா வேண்டாமா என்று ஒவ்வொரு முறையும் யோசிக்கிறேன். நேற்று சொன்னேன். "அப்படியானால் தொடரில் தப்பா?" என்று அக்காளுக்கு ஒரே சந்தோஷம். தங்கைதான் இரண்டு தெரு தூரம் பேசவில்லை.

திரும்பும்போது இருட்டிவிட்டது. போர்த் ஆற்றுமுகத்தின் மேல் மூன்று பாலங்கள் வரிசையாக நிற்கும்: 1890இல் கட்டிய சிவப்பு ரயில் பாலம், 1964 பாலம், 2017 பாலம். புதியதில் வண்டி ஏறியபோது, தோற்ற பிறகு ஜேமியின் ஆட்கள் என்ன ஆனார்கள் என்று தங்கை கேட்டார். கல்லோடன் போர் 1746 ஏப்ரல் 16. ஒரு மணி நேரம்கூட நடக்கவில்லை. ஜாகோபைட் தரப்பில் சுமார் 1,500 பேர் செத்தார்கள். காயம்பட்டுக் கிடந்தவர்களையும் விடவில்லை. அதற்கு ஐந்து வருடம் முன்பு, 1741இல், நம் குளச்சலில் திருவிதாங்கூர் ராஜா மார்த்தாண்டவர்மா டச்சுக்காரர்களைத் தோற்கடித்தார் என்றும், பிடிபட்ட டச்சுக் கேப்டன் டிலனாயைக் கொல்லாமல் தன் படைக்கே தளபதி ஆக்கினார் என்றும், டிலனாயின் கல்லறை எங்கள் வீட்டிலிருந்து சைக்கிள் மிதிக்கிற தூரத்தில், உதயகிரிக் கோட்டைக்குள் லத்தீனும் தமிழும் வெட்டிய கல்லோடு இருக்கிறது என்றும் சொன்னேன். கொஞ்சம் பெருமையாகவே சொன்னேன்.

அந்தப் பெருமை பாலம் தாண்டும்வரைகூட நிற்கவில்லை. கல்லோடனுக்குப் பிறகு மலைநாட்டு ஆண்கள் கட்டம்போட்ட துணியும் கில்ட்டும் உடுத்தக் கூடாது என்று சட்டம் வந்தது; மீறினால் ஆறு மாதம் சிறை, மறுபடி மீறினால் ஏழு வருடம் நாடு கடத்தல்; 1782 வரை இருந்தது. இதைச் சொன்னபோது, "உடுப்புக்கு எல்லாம் சட்டம் போடுவார்களா?" என்று தங்கை வாயைப் பிளந்தார். எனக்கு ஆச்சி ஞாபகம் வந்தது. திருவிதாங்கூர் ராஜா காலத்தில், மாரை மறைக்கத் தோள்சீலை போட்டுச் சந்தைக்குப் போன பெண்களின் துணியைக் கிழித்த கதையை, தன் வீட்டுப் பெரியவர்கள் சொல்லக் கேட்டது என்று, கிழங்கு உரித்துக்கொண்டே சொல்வாளே. குரல் மாறாது, கை மட்டும் நின்றுவிடும். நான் அந்தச் சகோதரிகளிடம் அதைச் சொல்லவில்லை. வண்டியை ஓட்டினேன்.

அரண்மனையில் நின்று நீங்களும் அதைச் சொல்லி நான் கேட்டதில்லை. உங்கள் பதில் எனக்குத் தெரியும்: "1795இலேயே தலைநகர் திருவனந்தபுரம் போய்விட்டது. தோள்சீலைக்கு அனுமதி தந்த அரச அறிவிப்பு 1859இல். இந்த வீட்டுக் கதையில் அது வராது." கணக்கு சரிதான். ஆனாலும் கேட்கிறேன்: முப்பது வருடத்தில் யாரிடமாவது, ஒரே ஒருவரிடமாவது சொன்னதுண்டா? எழுதுங்கள். அம்மாவிடம் சொல்லி அனுப்ப வேண்டாம், நீங்களே எழுதுங்கள்.

ஏத்தங்காய் வற்றல் அனுப்புவதாக நம் வீட்டு அக்காள் சொன்னாள். கனம் கூடினால் தபால் காசு வற்றலை விட அதிகமாகிவிடும், அரைக்கிலோ போதும். மச்சானுக்கு முழங்கால் எப்படி இருக்கிறது?

இன்னொன்று. ஊட்டுப்புரையில் அந்தப் பெரிய சீன ஊறுகாய்ப் பரணிகளைக் காட்டி, சின்னப் பிள்ளைகள் சிரிக்கும்படி ஏதோ ஒன்று சொல்வீர்கள். எவ்வளவு யோசித்தும் வசனம் வரவில்லை. புதன்கிழமை இரண்டு பிள்ளைகளோடு ஒரு குடும்பம் வருகிறது, தொடரைப் பார்க்கிற வயதில்லை அவர்களுக்கு. டூன் சமையற்கட்டில் எனக்கு அது வேண்டும். கடிதம் அதற்குள் வராது. இதை மட்டும் அம்மா போனில் சொல்லட்டும். பாதி வந்தாலும் போதும்.

உங்கள் மகன்