'இல்' எல்லாம் 'இன்' அல்ல

அன்புள்ள பெற்றோருக்கும் பாதுகாவலர்களுக்கும்,

வணக்கம். தரம் 6 தொடக்கம் 11 வரையான பிள்ளைகளின் ஆங்கிலக் கொப்பிகளில் சிவப்பு மை அதிகம் விழுவது நீளமான சொற்களில் அல்ல. இன் (in), ஒன் (on), அற் (at), ரு (to), பை (by) போன்ற குட்டிச் சொற்களில்தான். தமிழ் நன்றாக வரும் பிள்ளை இதில் ஏன் தடுமாறுகிறது என்று பலர் கேட்கிறீர்கள். தமிழை அப்படியே மாற்றிப் போடுவதால்தான். நமக்கு 'இல்' என்ற ஓர் உருபு ஊருக்கும் வீதிக்கும் சந்திக்கும் போதுமானது. ஆங்கிலம் அந்த இடத்தை எப்படிப் பார்க்கிறது என்பதைப் பொறுத்துச் சொல்லை மாற்றிவிடும்.

கிளிநொச்சியில் என்றால் இன் கிளிநொச்சி. ஏ9 வீதியில் என்றால் ஒன் த ஏ9. மாங்குளம் சந்தியில் என்றால் அற் மாங்குளம் ஜங்ஷன். எல்லைக்குள் அடங்கினால் இன், கோட்டிலோ மேற்பரப்பிலோ இருந்தால் ஒன், ஒரு புள்ளியாகக் குறித்தால் அற். "அப்பா இரணமடுக் குளத்தில் நிற்கிறார்" என்பதை இன் த ராங்க் (tank) என்று எழுதினால், வாசிப்பவரின் கண்ணில் அப்பா தண்ணீருக்குள் நிற்பார். குளக்கட்டில் நிற்பவர் ஒன் த பண்ட் (bund). குளத்தடிக்குப் போய் நிற்பவர் அற் த ராங்க். வாகனத்தில், எழுந்து நடக்க இடமுள்ள பஸ்ஸுக்கும் ரயிலுக்கும் ஒன். குனிந்து ஏறி உட்காரும் காருக்கும் ஓட்டோவுக்கும் இன். சைக்கிளுக்கு மறுபடி ஒன். எதில் வந்தாய் என்பதை மட்டும் சொல்வதானால் பை பஸ். நடுவில் 'த' (the) வராது.

'க்கு' இன்னும் பொல்லாதது. பள்ளிக்கூடத்துக்குப் போனேன் என்பது வென்ற் ரு ஸ்கூல். அதே அச்சில் வீட்டுக்குப் போனேன் என்பதை வென்ற் ரு ஹோம் என்று வார்த்துவிடுகிறார்கள். வென்ற் ஹோம் என்பதே சரி. ஹியர், தெயர் இரண்டும் இப்படித்தான் 'ரு' இல்லாமல் வரும். சந்தைக்குப் போய்ச் சேர்ந்ததை றீச்ட் த மார்க்கெற் என்று வெறுமனே எழுதலாம். அறைவ்ட் (arrived) என்று தொடங்கினால் அற் வேண்டும். வவுனியா போன்ற ஊருக்கு அறைவ்ட் இன்.

கிழமைகளில் பிழை எதிர்ப்பக்கமாக வருகிறது. "திங்கட்கிழமை வந்தான்" என்பதில் உருபே இல்லை; ஆகவே பிள்ளை ஒன் என்பதை விட்டுவிடுகிறது. ஒன் மண்டே என்று எழுதவேண்டும். ஆனால் லாஸ்ற், நெக்ஸ்ற், எவ்ரி முன்னால் வந்தால் ஒன் போய்விடும். காலையில் என்பது இன் த மோர்னிங். திங்கள் காலையில் என்றால் ஒன் மண்டே மோர்னிங். இரவில் என்பது அற் நைற். இதற்குக் காரணம் தேடி மினக்கெட வேண்டாம், பாடமாக்கட்டும்.

தமிழ் நமக்கு உதவுகிற இடமும் உண்டு. "வெள்ளி வரை", "வெள்ளிக்குள்" இரண்டையும் எந்தப் பிள்ளையும் குழப்புவதில்லை. முன்னது அன்ரில் (until) ஃபிறைடே, பின்னது பை ஃபிறைடே. 'உள்' என்ற சொல்லைப் பார்த்து விதின் ஃபிறைடே என்று எழுதுவதுதான் வழுக்குமிடம். விதின் என்பது கால அளவோடு வரும்: விதின் த்ரீ டேய்ஸ். அதுபோல "2019இலிருந்து இங்கே இருக்கிறோம்" என்பதில் ஃபிறம் பொருந்தாது. வீ ஹாவ் லிவ்ட் ஹியர் சின்ஸ் 2019. "ஐந்து வருடமாக" என்றால் சின்ஸ் அல்ல, ஃபோர் (for) ஃபைவ் இயர்ஸ்.

இனி, எங்கள் கைக்கு வரும் லீவுக் கடிதங்கள். ஐ றிக்குவெஸ்ற் ஃபோர் லீவ் என்பதில் ஃபோர் மிகை. றிக்குவெஸ்ற் வினையாக வந்தால் நேரே பொருளைப் பிடிக்கும். பெயராக வந்தால்தான் எ றிக்குவெஸ்ற் ஃபோர் லீவ். டிஸ்கஸ் அபவுற் என்பதும் இதே கதை: டிஸ்கஸ் என்ற வினைக்கு அபவுற் வேண்டாம், டிஸ்கஷன் என்ற பெயருக்கு வரலாம். "காய்ச்சலால்" என்பதிலுள்ள 'ஆல்' சஃபரிங் பை ஃபீவர் ஆகிவிடுகிறது. சஃபரிங் ஃபிறம் என்பதே வழக்கு. இவ்வளவு சுற்றாமல், ஷீ வாஸ் அப்சென்ற் ஃபிறம் ஸ்கூல் ஒன் மண்டே பிகோஸ் ஷீ ஹாட் எ ஃபீவர் என்று ஒரே வரியில் முடிக்கலாம்.

அற் த வீக்கெண்ட் பிரித்தானிய வழக்கு, ஒன் த வீக்கெண்ட் அமெரிக்க வழக்கு. இதற்காகப் பிள்ளையை ஏசவேண்டாம்.

வீட்டில் உதவ உங்களுக்கு ஆங்கிலம் தெரிந்திருக்க வேண்டும் என்றில்லை. கொப்பியின் கடைசிப் பக்கங்களில் பிள்ளை சொல்லைத் தனியே எழுதாமல் சோடியாக எழுதட்டும்: குட் அற், வெயிற் ஃபோர், லிஸன் ரு, மரீட் ரு, அஃப்றெயிட் ஒஃப். நாளுக்கு மூன்று சோடி, ஒவ்வொன்றுக்கும் நம்மூர் வாழ்க்கையிலிருந்து ஒரு வசனம். மறுநாள் முதற்சொல்லை நீங்கள் விரலால் காட்டி மற்றதை மூடிக்கொள்ளுங்கள், பிள்ளை சொல்லட்டும். அகராதி பார்க்கும்போது தமிழ்ப் பொருளோடு நிற்காமல் கீழேயுள்ள எடுத்துக்காட்டு வசனத்தையும் வாசிக்கச் சொல்லுங்கள். எந்தக் குட்டிச் சொல் கூட வரும் என்பது அங்கேதான் இருக்கும்.

அடுத்த தவணையிலிருந்து தரம் 9க்கு மேற்பட்டோர் தங்கள் லீவுக் கடிதத்தைத் தாங்களே ஆங்கிலத்தில் எழுதிவர வேண்டும். நீங்கள் கையொப்பம் மட்டும் இடுங்கள். பிழை இருந்தால் திருத்தித் திருப்பி அனுப்புவோம். அதற்காக லீவு மறுக்கப்படாது.

இங்ஙனம்,
அதிபர்