நாழிகையாழும் நீ கேட்ட கேள்வியும்

அன்புத் தோழி,

உன் கடிதம் வந்து மூன்று வாரம் ஆகிவிட்டது. பதில் தள்ளிப்போனதற்குக் காரணம் சோம்பல் இல்லை, கடைசி வரியில் நீ போகிற போக்கில் கேட்ட கேள்விதான். "காலத்தை நிறுத்தும் வாத்தியம், சரி. வாசிக்கிறவளுக்கும் சேர்த்துக் காலம் நின்றுவிட்டால் அடுத்த ஸ்வரத்தை யார் மீட்டுவது?" நான் எழுதி வைத்திருந்த கதையின் நாற்பது பக்கமும் அந்த இடத்திலேயே செத்துப்போயின. நன்றாக இரு!

அதனால் திரும்ப முதலிலிருந்து தொடங்கினேன். பெயரை மட்டும் மாற்றவில்லை, நாழிகையாழ்தான். பழங்காலச் செங்கோட்டியாழ் மாதிரி ஏழு நரம்பு. இப்போது அது காலத்தை நிறுத்துவதில்லை, மெதுவாக்குகிறது. வாசிக்கும் அறைக்குள் இருக்கிற எல்லாவற்றுக்கும், வாசிக்கிறவள் உட்பட. அப்படியானால் உள்ளே இருப்பவர்களுக்கு எந்த வித்தியாசமும் தெரியாதே, பிறகு எதற்கு வாத்தியம் என்று நீ கேட்பாய். நானும் இரண்டு நாள் அங்கேதான் மாட்டிக்கொண்டு நின்றேன்.

விடை வாசல்படியில் கிடைத்தது. சுருதி என்பதே விநாடிக்கு எத்தனை அதிர்வு என்கிற கணக்குதானே? உள்ளே காலம் பாதி வேகத்தில் ஓடினால், வெளியே நிற்பவளுக்கு அதே நரம்பு ஒரு ஸ்தாயி கீழே, அதாவது பாதி அதிர்வில், கேட்கும். கால் வேகம் என்றால் இரண்டு ஸ்தாயி. அதனால் கதையில் வாசல்படியில் ஒரு சிறுமியை உட்கார வைத்திருக்கிறேன். மடியில் ஒற்றை நரம்பு கட்டிய சின்னக் கட்டை. அதை மீட்டி, உள்ளிருந்து வரும் சுருதியோடு ஒப்பிட்டுப் பார்த்து, உள்ளே காலம் எவ்வளவு மந்தமாகிவிட்டது என்று சொல்வதுதான் அவள் வேலை. 240 அதிர்வில் மீட்டிய நரம்பு நான்கு ஸ்தாயி இறங்கினால் 15. அப்போது அது ஸ்வரமாகவே கேட்காது, தட், தட் என்று தனித்தனி அடியாக விழும். அந்த இடத்தில் சிறுமி எழுந்து நின்றுவிட வேண்டும், அதுதான் எல்லை. (கணக்குப்படி பார்த்தால் உள்ளே எரிகிற விளக்கின் ஒளியே அவள் கண்ணுக்குத் தெரியாமல் போக வேண்டும். நீ கண்டுகொள்ளாதே. எனக்கு அந்த விளக்கு வேண்டும். சுடர் சாய்ந்து, சாய்ந்தபடியே வெகுநேரம் இருந்து, நிமிர மனமில்லாமல் நிமிர்வதை அவள் பார்க்க வேண்டும்.)

பயன் என்ன என்றால், மருத்துவர் வந்து சேர மூன்று நாள் ஆகும் என்று வைத்துக்கொள். நோயாளியின் அருகே உட்கார்ந்து அந்த எல்லையில் வாசித்தால், அவருக்குக் கழிவது அதில் பதினாறில் ஒரு பங்கு, நாலரை மணி நேரம்தான். விலையைக் கொடுப்பது நரம்பு. மிச்சமான நேரமெல்லாம் அதில் ஏறி, அது நைந்துகொண்டே வரும்.

அடுத்து நீ கேட்கப்போவதும் தெரியும், காலத்தைப் பின்னால் ஓட்டக் கூடாதா என்று. கூடாது. அது வந்தால் கதையில் யாருக்கும் எதுவும் நஷ்டமாகாது. நஷ்டமே இல்லாத கதையை நான் எதற்கு எழுத வேண்டும்?

அதற்குப் பதிலாக, நாம் சேர்ந்து படித்த பாடத்திலிருந்தே ஒன்றைத் திருடியிருக்கிறேன். அதீதம், அனாகதம் ஞாபகம் இருக்கிறதா? தாளத்துக்கு முன்னால் பாட்டு எடுப்பது அதீதம், தாளம் தொடங்கிய பிறகு எடுப்பது அனாகதம். நடந்து முடிந்தது, இன்னும் வராதது என்று அந்தச் சொற்களுக்கே பொருள். நாம் அதைப் பரீட்சைக்கு உருப்போட்டதோடு சரி.

அனாகதத்துக்கு உலகத்திலேயே ஓர் உதாரணம் இருக்கிறது, கேள். ஜெர்மனியில் ஹால்பர்ஷ்டாட் என்ற ஊரின் பழைய தேவாலயத்தில், அமெரிக்க இசையமைப்பாளர் ஜான் கேஜ் எழுதிய ஓர் இசையை ஆர்கனில் 639 ஆண்டு நீளத்துக்கு வாசிக்கிறார்கள். 2001இல் தொடங்கியது, 2640இல் முடியும். இசை மௌனத்தில் தொடங்குவதால் முதல் ஸ்வரம் ஒலித்ததே 2003இல்தான். ஒன்றரை ஆண்டுக்கு எடுப்பு தள்ளிப்போன பாட்டு! கதையில் இப்படி எழுதினால் ரொம்ப ஓவர் என்பாய்.

என் கதைக்கு அதீதம்தான் வேண்டும். நைந்துபோன நாழிகையாழில் சில நாள், விரல் படுவதற்கு முன்பே ஸ்வரம் கேட்டுவிடும். கேட்டுவிட்டதால் அதை அவள் மீட்டியே ஆக வேண்டும். பல வருடம் அப்படியே மீட்டிக்கொண்டும் இருக்கிறாள். ஒரு நாள் விடியற்காலை, யாழ் உறைக்குள் இருக்கும்போதே ஒரு நரம்பு அறுகிற சத்தம் கேட்கிறது. எழுந்து போய் உறையைப் பிரித்துப் பார்க்கிறாள். ஏழும் அப்படியே இருக்கின்றன. உள்ளே மருத்துவருக்காக ஒருவர் காத்திருக்கிறார், வாசல்படியில் சிறுமி வந்து உட்கார்ந்துவிட்டாள்.

இங்கேதான் பேனா நிற்கிறது. அவள் வாசிப்பாளா, மாட்டாளா? நான் ஓட ஓட இழுத்துப் பிடித்துத் தாளம் போட்டவள் நீ. நான் எங்கே ஓடுவேன் என்று எனக்கு முன்னால் உனக்குத் தெரியும். அதனால்தான் கேட்கிறேன்.

உன் மணிக்கட்டு இப்போது எப்படி இருக்கிறது? கட்டு பிரித்துவிட்டார்களா? எழுத முடியாவிட்டால் பேசிப் பதிவு செய்து அனுப்பு. அவசரமில்லை.

அன்புடன்,
உன் பழைய தாளம் தப்பியவள்