துப்பாக்கிக் கடைக்காரரும் என் பெறாமகனும்

கோண்டாவில்,
யாழ்ப்பாணம்.

அன்புள்ள மச்சான்,

உன் கடிதம் கிடைத்தது. அம்மாவின் கண் சத்திரசிகிச்சை நல்லபடியாக முடிந்தது பெரிய நிம்மதி. லண்டன் குளிரில் அவவை வெளியில் அலையவிடாதே. இங்கே எல்லாரும் சுகம். மழை பிந்தி வந்தாலும் கிணறு நிரம்பிவிட்டது.

தம்பியின் மகனைப் பற்றிக் கேட்டிருந்தாய். பெடியன் நடிப்பை விடப்போகிறேன் என்று நிற்கிறான். இங்கே எடுக்கிற குறும்படம், யூடியூப் தொடர் என்று எதில் கூப்பிட்டாலும் போவான். ஆனால் கிடைப்பதெல்லாம் தேத்தண்ணிக் கடைக்காரன், பஸ் கொண்டக்டர், செத்த வீட்டில் கதிரை அடுக்குகிறவன். “எத்தனை நாளைக்குப் பெரியப்பா நான் கதிரை அடுக்குறது?” என்று போன கிழமை வந்து கேட்டான். முகத்தைப் பார்க்கவே பாவமாக இருந்தது. நான் புத்தி சொல்லவில்லை. அவனை இருத்தி வைத்து டிக் மில்லர் என்ற மனிதரின் கதையைச் சொன்னேன். உனக்கும் அதையே எழுதவேண்டும் போல இருக்கிறது.

பெயர் தெரியாவிட்டாலும் அவருடைய முகம் உனக்குத் தெரியும். ஏ.எல். படிக்கிற காலத்தில் வீடியோ டெக் வாடகைக்கு எடுத்து விடிய விடியப் படம் பார்ப்போமே, அப்போது பார்த்த ‘டெர்மினேட்டர்’ நினைவிருக்கிறதா? 1984இல் வந்த முதலாவது படம். எதிர்காலத்திலிருந்து வந்த கொலைகார இயந்திரமாக அர்னால்ட் நடித்தாரே. அதில் அர்னால்ட் துப்பாக்கி வாங்கப் போகிற கடையில் நிற்பவர்தான் மில்லர். எங்கள் எல்லாருடைய கண்ணும் அர்னால்டில்தான் இருந்தது. இந்த முறை பெடியனோடு இருந்து அந்தக் காட்சியைத் திரும்பத் திரும்பப் போட்டு, கடைக்காரரை மட்டும் பார்த்தேன்.

அர்னால்ட் ஒவ்வொரு துப்பாக்கியாகக் கேட்கக் கேட்க அவர் எடுத்து மேசையில் வைக்கிறார். தீபாவளிக்கு முதல் நாள் மொத்தமாகப் புடவை எடுக்க ஆள் வந்தால் எங்கள் முதலாளிமாரின் முகம் எப்படி மலருமோ, அப்படி ஒரு மலர்ச்சி. இவனுக்குச் சாமான் தெரியும் என்ற மரியாதையும் கண்ணில் தெரிகிறது. எதிர்காலத்து ஆயுதம் ஒன்றை அர்னால்ட் கேட்கும்போது, இங்கே கண்ணில் படுகிறதுதான் இருக்கிறது என்று சாதாரணமாகச் சொல்லிவிடுகிறார். கைத்துப்பாக்கிக்குப் பதினைந்து நாள் பொறுக்கவேண்டும், ரைபிளை இப்போதே கொண்டுபோகலாம் என்று சட்டமும் விளக்குகிறார். எல்லாவற்றையும் எடுக்கிறேன் என்றதும், இண்டைக்குக் கடையை வேளைக்குப் பூட்டலாம் என்று சந்தோசப்படுகிறார். அடுத்த நிமிடம் அவன் தோட்டாவை உள்ளே போடுகிறான். அப்படிச் செய்யக்கூடாது என்று இவர் சொல்கிறார். சுடப்படுகிறார். அவ்வளவுதான் வேடம்.

அந்த இடத்தில் ஒரு பொம்மை மனிதரை நிறுத்தியிருந்தால் சாவு எங்களைத் தொட்டிருக்காது. நாள் முழுக்க வியாபாரம் பார்த்து, பின்னேரம் வீட்டுக்குப் போக இருந்த ஒரு மனிதரைச் சுட்டுவிட்டான் என்பதுதான் பயத்தைத் தருகிறது. வந்திருப்பது இயந்திரம் என்பதை நாங்கள் நம்புவதும் எதிரில் நிற்பவர் முழு மனிதராக இருப்பதால்தான். பேய்ப் படம், விஞ்ஞானக் கதைப் படம் எதை எடுத்தாலும் இதுதான் நிலைமை. நாயகனை நம்பவைக்க இசை இருக்கிறது, ஒளி இருக்கிறது, முழுப் படமே இருக்கிறது. சின்ன வேடக்காரனுக்குக் கிடைப்பது இரண்டு நிமிடம்.

மில்லர் நடிக்கவென்று ஹொலிவூட்டுக்குப் போனவரும் அல்ல. 1928இல் நியூயோர்க்கில் பிறந்து, கடற்படையில் இருந்துவிட்டு, எழுத்தாளராகும் ஆசையில் போனவர். அங்கே மலிவுப் படங்களின் மன்னர் ரொஜர் கோர்மனைச் சந்தித்து, தான் எழுதுவேன் என்றிருக்கிறார். கதை என்னிடம் நிறையக் கிடக்கிறது, நடிகர்தான் தேவை என்றாராம் கோர்மன். அப்படியானால் நான் நடிகன் என்றிருக்கிறார் மில்லர். 1955இல் ‘அப்பாச்சி வுமன்’ படத்தில் செவ்விந்தியராகவும் நடித்தார், அவர்களைத் துரத்துகிற ஊர்க்காரராகவும் நடித்தார். தன்னைத் தானே துரத்திச் சுட்ட கணக்கு. காசு அவ்வளவு குறைந்த இடம்.

1959இல் ஒரே ஒரு தரம் நாயக வேடம் சரியாக வந்து அமைந்தது. ‘எ பக்கெட் ஒப் பிளட்’. ஐந்து நாளில் எடுத்த படம். வோல்டர் பெய்ஸ்லி என்ற அப்பாவி, கோப்பிக் கடையில் மேசை துடைக்கிறவன். தவறிப்போய் ஒரு பூனையைக் கொன்றுவிட்டு அதன்மேல் களிமண்ணைப் பூசி வைக்கிறான். அதைச் சிற்பம் என்று எல்லாரும் கொண்டாடுகிறார்கள். பாராட்டுக்கு ஏங்கினவன் அதோடு நிற்கவில்லை, மனிதரில் கைவைக்கிறான். அந்த ஏக்கத்தை மில்லர் எவ்வளவு கனிவாகச் செய்திருக்கிறார் தெரியுமா? கொலைகாரன்மேல் இரக்கம் வருகிறது.

அடுத்து வந்த ‘த லிட்டில் ஷொப் ஒப் ஹொரர்ஸ்’ படத்திலும் நாயக வேடத்துக்கு அவரைத்தான் கேட்டார்கள். அதே மாதிரியான ஆள்தானே என்று விட்டுவிட்டு, பூக்கடைக்கு வந்து பூவைச் சாப்பிடுகிற வாடிக்கையாளர் வேடத்தை எடுத்துக்கொண்டார். இந்த இடத்தைச் சொன்னபோது பெடியன் நிமிர்ந்து உட்கார்ந்தான். பிறகு வாழ்நாள் முழுக்கச் சின்ன வேடங்கள்தான். இடையில் ‘டிஎன்டி ஜாக்சன்’ போல ஒன்றிரண்டு படத்துக்குக் கதை வசனத்திலும் கைகொடுத்தார். தொலைக்காட்சியில் ‘ஃபேம்’ தொடரில் மாணவர்கள் கூடுகிற கடையின் முதலாளி, ‘ஸ்டார் ட்ரெக்’கில் பேப்பர் விற்கிறவர். ‘பல்ப் ஃபிக்சன்’ படத்தில் நடித்த காட்சியை வெட்டியே விட்டார்கள். அது எந்த நடிகனுக்கும் நோகும், ஆனாலும் அடுத்த படத்துக்குப் போனார்.

ஆனால் அந்தச் சின்ன வேடங்களைப் பார்த்தே வளர்ந்த ஒரு பெடியன் இருந்தான், ஜோ டான்டே. அவர் இயக்குநரானதும் தன் படம் எல்லாவற்றிலும் மில்லருக்கு ஓர் இடம் வைத்தார். ‘த ஹவ்லிங்’ படத்தில் அவர் மாந்திரீகப் புத்தகக் கடைக்காரர், பெயர் வோல்டர் பெய்ஸ்லி. ‘ட்வைலைட் ஸோன்’ படத்திலும் பெய்ஸ்லிதான். டான்டேயின் படம் அல்லாத ‘ச்சொப்பிங் மோல்’ (Chopping Mall) படத்தில் துப்புரவுத் தொழிலாளியாக வந்தபோதும் அதே பெயர். 1959இல் ஐந்து நாளில் எடுத்த படத்தின் பெயரை 1986 வரைக்கும் மற்றவர்கள் காப்பாற்றி அவருக்கே திருப்பித் திருப்பிக் கொடுத்தார்கள். விருதைவிட இதை நான் பெரிதாக நினைக்கிறேன்.

‘கிரெம்லின்ஸ்’ படத்தில் வெளிநாட்டு இயந்திரங்களைத் திட்டுகிற பக்கத்து வீட்டுக்காரர் ஃபட்டர்மனும் இவரே. குட்டிப் பிசாசுகள் பனி தள்ளும் வாகனத்தால் வீட்டோடு அவரை இடித்துவிடும். பார்த்தவர்கள் செத்துவிட்டார் என்றே நினைத்தார்கள். 1990இல் வந்த இரண்டாம் பாகத்தில் மனிதர் திரும்பி வந்து, வௌவால் போலப் பறக்கிற பிசாசைச் சீமெந்தால் மூடிவிடுகிறார்!

எங்கள் பக்கத்திலும் பார். கவிஞர் ஜெயபாலனும் எழுத்திலிருந்து போனவர்தானே. ‘ஆடுகளம்’ படத்தில் பேட்டைக்காரனாக நடித்தார், அதற்குக் குரல் கொடுத்தது ராதாரவி. ஆனாலும் அந்தக் கண்ணும் நடையும் இவருடையவை. தேசிய விருதுக் குழுவின் சிறப்புக் குறிப்பு அதற்குத்தான் கிடைத்தது.

எல்லாம் கேட்டுவிட்டுப் பெடியன், “அவருக்குக் காசு வந்ததா பெரியப்பா?” என்றான். நியாயமான கேள்வி. இங்கே குறும்படத்தில் நடிக்கிறவனுக்குச் சாப்பாடும் பெற்றோல் காசும் கிடைத்தாலே பெரிய விஷயம். மில்லருக்கு ஒரு தொழிற்துறை இருந்தது, வேலை மாறி வேலை வந்துகொண்டிருந்தது. எங்கள் பிள்ளைகளுக்கு அது இல்லை. ஆகவே கடை வேலையை விடாதே என்றுதான் நானும் சொன்னேன். நடிப்பையும் விடாதே, கூப்பிட்டால் போ, ஆனால் போக முதல் அந்தக் கதிரை அடுக்குகிறவனுக்குச் செத்தவர் யார், விடியச் சாப்பிட்டானா, வாடகைக் கதிரை கணக்குக் குறைந்தால் யாருக்குப் பதில் சொல்லவேண்டும் என்று யோசித்துக்கொண்டு போ என்றேன். இதை இயக்குநர் சொல்லித்தரமாட்டார்.

அடுத்த சனிக்கிழமை பருத்தித்துறையில் படப்பிடிப்பாம். இந்த முறை மீன் ஏலம் கூறுகிறவன் வேடம். முந்தாநாள் விடியவே சந்தைக்குப் போய், ஏலம் கூறுகிற ஐயா எந்த இடத்தில் மூச்சு எடுக்கிறார் என்று பார்த்துக்கொண்டு வந்திருக்கிறான். போவானா விடுவானா என்று நான் கேட்கவில்லை.

மில்லர் 2019 ஜனவரியில் தொண்ணூறு வயதில் காலமானார். கோர்மனும் 2024இல் போய்விட்டார். மில்லரைப் பற்றி 2014இல் ‘தட் கை டிக் மில்லர்’ என்று ஒரு ஆவணப்படம் வந்தது. அதன் டிஸ்க் அங்கே கிடைத்தால் ஊருக்கு வருகிற யாரிடமாவது கொடுத்துவிடு, பெடியனுக்குக் காட்டவேண்டும். அம்மாவைக் கேட்டதாகச் சொல்.

அன்புடன்,
உன் நண்பன்