ஹூக் கட்டிக்கொண்டேதான் பார்க்கிறோம்

ஆசிரியர் ஐயா அவர்களுக்கு,

வணக்கம். ஞாயிறு இணைப்பில் கொரியத் தொடர்களைப் பற்றி வந்த கட்டுரையைப் படித்தேன். ‘வேலைவெட்டி இல்லாத பெண்களின் பகல் கனவு’ என்று எழுதியிருக்கிறார். ரொம்ப சந்தோஷம். நான் முதுநகரில் தையல் கடை வைத்திருக்கிறேன். ராத்திரி பத்து மணிக்கு மேல் ஜாக்கெட்டுக்கு ஹூக் கட்டிக்கொண்டேதான் பார்க்கிறேன். சப்டைட்டில் படிக்க நிமிர்ந்தால் ஊசி விரலில் ஏறும். பகலில் கனவு காண யார் விட்டார்கள்?

கட்டுரையாளர் பார்த்துவிட்டு எழுதிய மாதிரியும் தெரியவில்லை. ‘கிராஷ் லேண்டிங் ஆன் யூ’ கதாநாயகியை வடகொரியப் பெண் என்கிறார். அவள் தென்கொரியப் பணக்காரி. பாராகிளைடிங் போனவளைக் காற்று தூக்கிக்கொண்டு போய் எல்லைக்கு அந்தப் பக்கம் போட்டுவிடுகிறது. கதாநாயகன் வடக்கு ராணுவத்துக் கேப்டன். அவளுக்காகக் காபிக்கொட்டையைத் தானே வறுத்துப் பொடித்துக் காபி போடுகிறான். எனக்குக் கல்யாணமாகி 31 வருஷம். நான் கேட்காமல் ஒரு டம்ளர் காபி என் கைக்கு வந்ததில்லை. அந்தக் காட்சியை இரண்டு தரம் பார்த்தேன், ஒத்துக்கொள்கிறேன்.

கொரியாக்காரர்கள் எல்லாம் யோக்கியம் என்று சொல்லவில்லை. 2009-இல் வந்த ‘பாய்ஸ் ஓவர் ஃபிளவர்ஸ்’ தொடரில் அந்தப் பணக்காரப் பையன் பெண்ணின் மணிக்கட்டைப் பிடித்து இழுத்துக்கொண்டே போவான். எனக்குப் பற்றிக்கொண்டு வரும். மூலக்கதை ஜப்பான் காமிக்ஸ், 2001-இல் தைவானிலும் எடுத்தார்கள். எந்த ஊரில் எடுத்தாலும் முரடன் முரடன்தான். ஆனால் நம் ஊர் சினிமாவில் பின்னாலேயே அலைகிறவனுக்கு டூயட் கொடுத்தபோது உங்கள் கட்டுரையாளர்கள் எங்கே போயிருந்தார்கள்?

நான் புதுச்சேரிக்குப் படிக்கப் போன காலத்தில் ஒருவன் மஞ்சக்குப்பத்தில் ஏறி, மூன்று மாதம் அதே பஸ்ஸில் வந்தான். ஊரில் அதற்குப் பெயர் காதல். வீட்டுக்குத் தெரிந்ததும் நின்றது என் படிப்பு. அவன் பஸ் நிற்கவில்லை. நாலு வருஷம் முன்பு இதை உங்களுக்கு எழுதினேன். ‘கூடுதல் பஸ் தேவை’ என்று தலைப்புப் போட்டு நாலு வரியாக வெளியிட்டீர்கள்.

‘கிராஷ் லேண்டிங்’ தொடர் 16 எபிசோடில் முடிந்துவிட்டது. ஆயிரம் எபிசோடாக மருமகள் காபியில் விஷம் கலக்கிற நம் சீரியலுக்கு வாராவாரம் அரைப்பக்கம். சிறுகதைப் பக்கத்தைத்தான் அதற்காக எடுத்துவிட்டீர்களே.

சரி, பெரிதாக ஒன்றும் கேட்கவில்லை. கதாநாயகி தென்கொரியாக்காரி என்று ஒரு வரி திருத்தம் போடுங்கள். வரி விளம்பரத்துக்கு நடுவில் வேண்டாம்.

இப்படிக்கு,
வாசகி, கடலூர் முதுநகர்