செயலாளரின் ஆண்டறிக்கை: ஜெர்மன் தொழிலாளர் வரலாறு, 1933–1945

தலைவர் அவர்களுக்கும் பொருளாளருக்கும் பொதுக்குழுத் தோழர்களுக்கும் வணக்கம்.

சென்ற பொதுக்குழுவின் தீர்மானப்படி நமது வாசிப்பு வட்டம் இந்த ஆண்டு முழுவதையும் ஒரே பொருளுக்கு ஒதுக்கியது. ‘ஹிட்லர் எவ்வளவு கொடியவராக இருந்தாலும் எல்லோருக்கும் வேலை கொடுத்தாரே’ என்ற பேச்சு இன்னும் ஓயவில்லை. அதைத் தலைவர்களின் உரைகளைக் கொண்டு அல்லாமல், தொழிலாளியின் வாழ்க்கையை ஆட்டிவைத்த தாள்களைக் கொண்டு சோதித்தோம்.

முதலில் சங்கங்களின் கதை. 1933 மே 1ஆம் தேதியைச் சம்பளத்துடன் கூடிய விடுமுறையாக அரசே கொண்டாடியது. மறுநாள் காலையிலேயே நாடு முழுவதும் சங்கக் கட்டடங்களை நாஜிக் கட்சியின் புயல்படையினர் கைப்பற்றினர். சொத்துகள் பறிபோயின, தலைவர்கள் சிறைப்பட்டனர். மே 10இல் ராபர்ட் லாய் தலைமையில் ‘ஜெர்மன் உழைப்பு முன்னணி’ உருவானது. இதைத் தொழிற்சங்கம் என்று எழுதும் கட்டுரைகள் இன்றும் வருகின்றன, அது தவறு. கூலி பேசும் உரிமை அதற்கு இல்லை. கூலியை நிர்ணயித்தவர்கள் அரசு நியமித்த ‘உழைப்பு அறங்காவலர்கள்’. 1934 ஜனவரி 20ஆம் தேதிச் சட்டம் முதலாளியை ஆலைத் தலைவர் ஆக்கியது, தொழிலாளரை அவருடைய பரிவாரம் ஆக்கியது. 20 பேருக்கு மேல் உள்ள ஆலைகளில் ‘நம்பிக்கைக் குழு’ ஒன்று வந்தது. அதற்கு 1934, 1935இல் மட்டுமே வாக்கெடுப்பு நடந்தது. முடிவுகள் ஆட்சிக்கு உவப்பாக இல்லை, பிறகு அது நடக்கவே இல்லை.

வேலையின்மைக் கணக்கில் உறுப்பினர்கள் அதிகம் சறுக்கினார்கள். 1933 ஜனவரியில் பதிவானோர் சுமார் 60 லட்சம். குளிர்காலத்தில் கட்டட வேலை நின்றுவிடும் நாட்டில் ஜனவரி எண்ணை ஜூலை எண்ணோடு ஒப்பிட்டால் பாதி மாயம் அங்கேயே நிகழ்ந்துவிடும். ஜனவரியோடு ஜனவரியைத்தான் ஒப்பிட வேண்டும். அடுத்து, பட்டியலிலிருந்து யார் நீக்கப்பட்டார்கள் என்று பார்க்க வேண்டும். 1933 ஜூன் சட்டப்படி 1,000 மார்க் வரை திருமணக் கடன் கிடைத்தது. மணப்பெண் வேலையை விட வேண்டும் என்பது நிபந்தனை. பணம் ரொக்கமாக அல்ல, பொருள் வாங்கும் சீட்டாகவே வந்தது. ஹிட்லரின் சாதனையாகப் புகழப்படும் நெடுஞ்சாலைக் கட்டுமானத்தில் நேரடியாக வேலை பார்த்தவர்கள் அதன் உச்சத்தில்கூடச் சுமார் 1,25,000 பேர்தான். 60 லட்சத்துக்கு அது எந்த மூலை? கொலோன்–பான் சாலை 1932 ஆகஸ்டிலேயே, அதாவது ஹிட்லர் பதவிக்கு வருமுன்பே, திறக்கப்பட்டுவிட்டது.

வேலையைப் பெருக்கியதில் பெரும்பங்கு ஆயுத உற்பத்திக்கு உண்டு. அதற்குப் பணம் எப்படி வந்தது என்பதைக் கரும்பலகையில் படம் போட்டே புரிந்துகொண்டோம். ‘மேஃபோ’ என்ற பெயரில், 10 லட்சம் மார்க் மூலதனத்தில், காகிதத்தில் மட்டும் ஒரு கம்பெனி. குருப் போன்ற ஆலை பீரங்கி செய்து கொடுத்ததும் மேஃபோ மீது மாற்றுச்சீட்டு (குறித்த நாளில் பணம் தரச் சொல்லும் கடன் சீட்டு) எழுதும், மேஃபோ ஏற்கும், அரசு உத்தரவாதம் தரும், ஆலை அதை வங்கியில் தள்ளுபடி செய்து பணமாக்கிக்கொள்ளும், கடைசியில் சீட்டு மத்திய வங்கிக்குப் போகும். மூன்று மாதச் சீட்டு, புதுப்பித்துக்கொண்டே ஐந்து ஆண்டு வரை ஓடலாம், வட்டி 4 சதவீதம். வரவுசெலவுத் திட்டத்தில் ஒரு வரிகூட வராது. 1938க்குள் இது 1,200 கோடி மார்க்கைத் தொட்டது. தவணை முடிந்தபோது கொடுக்கப் பணமில்லை. 1939 ஜனவரியில் மத்திய வங்கி இயக்குநர்கள் எழுத்துமூலம் எச்சரித்தார்கள்; அதே மாதம் அதன் தலைவர் ஷாக்ட் நீக்கப்பட்டார்.

இந்த ஆண்டு நாம் மிக நெருக்கமாகப் பார்த்த தாள் ‘வேலைப் புத்தகம்’. 1935 பிப்ரவரிச் சட்டத்தால் வந்தது. வேலைவாய்ப்பு அலுவலகம் வழங்கும். ஆனால் தொழிலாளியிடம் இருக்காது. சேர்ந்த நாளில் முதலாளியிடம் ஒப்படைக்க வேண்டும், சேர்ந்த தேதி, வேலையின் வகை, விலகிய தேதி எல்லாவற்றையும் அவரே பதிவார். புத்தகம் இல்லாமல் வேறு ஆலையில் சேர முடியாது. 1936 டிசம்பர் ஆணையின்படி உலோகம், கட்டடம், வேளாண்மை போன்ற துறைகளில் ஒப்பந்தக் காலத்துக்குமுன் விலகினால் முதலாளி அதைப் பிடித்து வைத்துக்கொள்ளலாம். ஆள் பற்றாக்குறைக் காலத்தில் தொழிலாளிக்கு இருந்த ஒரே பேரம் ‘நான் வேறிடம் போகிறேன்’ என்பதுதான். அதைத்தான் இந்தச் சிறு புத்தகம் பறித்தது. சம்பளச் சீட்டைப் படிக்கும்போது மணிக்கூலியையும் வாரச் சம்பளத்தையும் குழப்பக் கூடாது. மணிக்கூலி விகிதம் பொருளாதார நெருக்கடிக்கால மட்டத்தில் கட்டிவைக்கப்பட்டிருந்தது. வாரச் சம்பளம் கூடியதற்குக் கூடுதல் நேர உழைப்பு ஒரு முக்கியக் காரணம்.

‘மக்கள் கார்’ (ஃபோக்ஸ்வேகன்) வாங்குவதற்கான சேமிப்பு அட்டையையும் பார்த்தோம். விலை 990 மார்க்; வாரம் குறைந்தது 5 மார்க் வில்லை வாங்கி அட்டையில் ஒட்ட வேண்டும். வட்டி கிடையாது. சேர்ந்தவர்கள் சுமார் 3,36,000 பேர். ஒருவருக்கும் கார் வரவில்லை. ஆலை போர் வாகனம் செய்தது. நீண்ட வழக்குக்குப் பின் 1961இல்தான் சமரசம்: புதுக் கார் வாங்கினால் 600 மார்க் வரை தள்ளுபடி, இல்லையெனில் 100 மார்க் ரொக்கம்.

போர்க்காலம் பற்றிய கூட்டங்கள் திட்டமிட்டதைவிட நீண்டன. அதில் எனக்கு வருத்தமில்லை. 1944 ஆகஸ்டில் ஜெர்மனியில் உழைத்த வெளிநாட்டவரும் போர்க்கைதிகளும் சுமார் 76 லட்சம் பேர். ஏறத்தாழ நால்வரில் ஒருவர். 1940 மார்ச் ஆணைப்படி போலந்துத் தொழிலாளி வலது மார்பில் ஒரு துணித்துண்டைத் தைத்துக்கொள்ள வேண்டும்: 5 செ.மீ. பக்கமுள்ள மஞ்சள் சதுரம், முனை கீழாக, ஊதா விளிம்பு, நடுவே ஊதா நிறத்தில் 2.5 செ.மீ. உயர ‘பி’ எழுத்து. அதே ஆண்டிலிருந்து அவர் சம்பளத்தில் 15 சதவீதத் தனி வரி. ஆஷ்விட்ஸ் வதைமுகாம் அருகே மோனோவிட்ஸில் ஐ.ஜி. ஃபார்பன் என்ற வேதிப்பொருள் நிறுவனம் கட்டிய ஆலையில், கைத்தொழில் தெரிந்த கைதிக்கு நாளொன்றுக்கு 4 மார்க், தெரியாதவருக்கு 3 மார்க், சிறுவருக்கு ஒன்றரை மார்க். அந்தப் பணம் கைதிக்கு அல்ல, முகாமை நடத்திய நாஜி எஸ்.எஸ். படைக்குப் போயிற்று. அந்த ஆலையிலிருந்து செயற்கை ரப்பர் ஒருநாளும் வெளிவரவில்லை.

இப்படிக் கட்டாயமாக உழைக்க வைக்கப்பட்டவர்களின் இழப்பீட்டுக்காக ஜெர்மன் அரசும் தொழில்துறையும் சேர்ந்து 1,000 கோடி மார்க்கில் அறக்கட்டளை அமைத்தது 2000இல்தான். 2007 வரை சுமார் 16 லட்சத்து 60 ஆயிரம் பேருக்குப் பணம் போயிற்று. போர்க்கைதிகள் பொதுவாக விலக்கப்பட்டார்கள். பலர் அதற்குமுன்பே இறந்துவிட்டார்கள். இதைத் தாமதம் என்று மட்டும் சொல்வது போதாது, அநீதி என்றே பதிவு செய்கிறேன்.

வரும் ஆண்டில் நாஜி ஆட்சியில் பாதிக்கப்பட்டோரின் ஆவணங்களைக் காக்கும் ஜெர்மனியின் பாட் ஆரோல்சன் ஆவணக் காப்பகம் இணையத்தில் வைத்துள்ள பதிவட்டைகளைப் படிக்கச் செயற்குழு பரிந்துரைக்கிறது. பெயரின் எழுத்துக்கூட்டு அட்டைக்கு அட்டை மாறும் என்பதால் பிறந்த தேதியையும் சேர்த்தே தேடிப் பழக வேண்டும். வரவுசெலவுக் கணக்கைப் பொருளாளர் தனியே தாக்கல் செய்கிறார். இவ்வறிக்கையை ஏற்று நிறைவேற்றித் தருமாறு பொதுக்குழுவைக் கேட்டுக்கொள்கிறேன்.

செயலாளர்