சுவெற்றர் தந்த வீடுகளுக்கு ஒரு நன்றி மடல்

அன்புள்ள அயலவர்களுக்கு,

எங்கள் வாசிகசாலைச் சுவரில் இப்போது கோணேசர் மலை தொங்குகிறது. கம்பளி நூலில் நெய்த மலை, கீழே கடல், இரண்டு தோணி, கரையில் மான்கள். பார்க்க வருகிறவர்கள் எங்களைப் பாராட்டிவிட்டுப் போகிறார்கள். அதில் பெரும்பங்கு உங்களுடையது. உரியவர்களிடம் அதைச் சேர்க்கத்தான் இந்த மடல்.

முதல் நன்றி சுவெற்றர் தந்த வீடுகளுக்கு. டேப்பெஸ்ட்ரி என்கிற இந்தச் சுவர்ச்சீலை நெசவில் பாவு, அதாவது தறியில் நெட்டாகக் கட்டும் நூல், பருத்தியாக இருக்கலாம், குறுக்கே போகும் ஊடைக்குக் கம்பளிதான் வாகு. தட்டத் தட்ட நெருங்கி உட்கார்ந்து பாவைக் கண்ணில் படாமல் மூடிவிடும். படம் முழுவதும் ஊடையில்தான். ஆனால் கச்சான் என்கிற சூட்டுக்காற்று அடிக்கிற ஊரில் கம்பளி நூலுக்கு எங்கே போவது? ஒரு மாமிதான் ரொறன்ரோவிலிருந்து மகன் அனுப்பிய சுவெற்றரைக் கொண்டுவந்து போட்டார். "இதைப் போட்டா நான் அவிஞ்சு போவன் பிள்ளை, நீங்க பிரிச்சு எடுங்கோ" என்றார். பிறகு லண்டன், பாரிஸ், ஒஸ்லோ என்று அலுமாரிகளில் கிடந்த குளிர்ச்சட்டையெல்லாம் வந்து சேர்ந்தது. பிரித்த நூல் நூடில்ஸ் மாதிரிச் சுருண்டு கிடக்கும். அதைக் கழியாகச் சுற்றி, நனைத்து, கீழே தண்ணீர்ப் போத்தல் கட்டித் தொங்கவிட்டு நிமிர்த்தியவர்கள் உயர்தரம் படிக்கிற பிள்ளைகள். சோதனை நேரத்தில் அவர்களை ஏசாமல் விட்ட அம்மாமாருக்கும் சேர்த்து நன்றி.

பழைய கட்டில் சட்டத்தை நிமிர்த்தித் தறியாக்கித் தந்த மூதூர் ஓடாவியார் கூலி வாங்கவில்லை. பாவு கட்டும்போது ஒரு நூல்கூடத் தளரக் கூடாது என்று விரலால் மீட்டிக் காட்டித் தந்தவர் மருதமுனைக் கைத்தறிக்காரர் ஒருவர். ஊடை நூலைக் கொண்டு நாடா கரைக்குக் கரை ஓடாத நெசவு அவருக்குச் சிரிப்பாக இருந்தது. இதில் நீல நூல் கடலுக்குள்ளேயே போய்த் திரும்பும், பச்சை நூல் மரத்தை விட்டு வெளியே வராது. வரிசைக்கு வரிசை முள்ளுக்கரண்டியால் தட்டி இறக்குவோம். முழுப் பின்னேரமும் இருந்தால் ஒரு மானின் முன்னங்கால் முடியும்.

உதவி கேட்டுப் போன ஓரிடத்தில் இது வெளிநாட்டுக் கலை என்று திருப்பிவிட்டார்கள். ஆனால் காஷ்மீரின் கானி சால்வையிலும் சீனத்துக் கெசி பட்டிலும் ஊடை இப்படித்தான் நிறம் நிறமாகத் திரும்புகிறது. சரி, அவர்களும் ஒரு நாள் வந்து பார்க்கட்டும்.

படத்தை வரைந்து தந்த சித்திர ஆசிரியரிடம் ஒரு தயக்கத்தோடுதான் போனோம். சீலையின் பின்பக்கத்தைப் பார்த்துக்கொண்டு நெய்வதால் படம் இடம்வலம் மாறிவிடும். எனவே தலைகீழாக அல்ல, கண்ணாடியில் தெரிகிற மாதிரி வரைய வேண்டும். அவர் சிரித்துக்கொண்டே இத்தாலிய ஓவியர் ரபாயேலின் கதையைச் சொன்னார். 1515இல் பத்தாம் லியோ பாப்பரசர் சிஸ்டைன் சிற்றாலயத்துக்குச் சுவர்ச்சீலை கேட்டபோது ரபாயேலும் அப்படித்தான் வரைந்தாராம். பிரசல்ஸ் நெசவாளர் அந்தத் தாள்களைக் கீலம் கீலமாக வெட்டித் தறிக்கு அடியில் வைத்து நெய்தார்கள். அவற்றில் ஏழு படங்கள் ஒட்டப்பட்டு இன்றும் லண்டனில் இருக்கின்றன. "என்ர படத்தையும் வெட்டுங்கோ" என்றார் சேர். வெட்டவில்லை, பாவுக்குப் பின்னால் கட்டிக்கொண்டோம்.

பிரான்சிலிருந்து விடுமுறைக்கு வந்த தங்கச்சிக்கும் நன்றி. அன்ஜே கோட்டையிலுள்ள சீலையின் படங்களைக் காட்டியவர் அவர். 1377 அளவில் தொடங்கி நெய்தது, ஏறத்தாழ 140 மீற்றர் நீளம். பிரெஞ்சுப் புரட்சிக் காலத்தையொட்டி அதைத் துண்டு போட்டுத் தோடை மரங்களைக் குளிருக்குப் போர்த்தினார்கள், குதிரை லாயத்தில் போட்டார்கள். பிறகு தேடிச் சேர்த்ததில் இன்று 100 மீற்றர் அளவில் இருக்கிறது. அங்கே சீலையை வெட்டிக் குளிருக்குப் போர்த்தியிருக்கிறார்கள், நாங்கள் குளிர்ச்சட்டையைப் பிரித்துச் சீலை நெய்திருக்கிறோம். பிரான்சின் பேயோ நகரின் பெயரால் டேப்பெஸ்ட்ரி என்று அழைக்கப்படும் பழைய சீலை நெசவே அல்ல, துணியில் கம்பளி நூலால் போட்ட தையல் என்று சொல்லித் தந்தவரும் அவர்தான்.

இனித் திருக்கடலூர் ஐயா. இரண்டு நிறம் நேர்குத்தாகச் சந்திக்கும் இடத்தில் துணி ஒட்டாது, பிளவு விழும். எங்கள் மலையோ செங்குத்து, வானத்துக்கும் பாறைக்கும் நடுவே பிளவோ பிளவு. வலை பொத்திப் பழகிய கையால் எல்லாவற்றையும் தையல் தெரியாமல் மூடிக்கொண்டு வந்தார் ஐயா. ஓரிடத்தில் ஊசியை நிறுத்திவிட்டு, "இது இராவணன் வெட்டு எல்லோ? தைக்கப்படாது" என்றார். கோணேசர் மலையில் இராவணன் வாளால் வெட்டியதாகக் கதை சொல்லும் பிளவு அது. அதனால் சீலையில் அந்தப் பிளவு மட்டும் அப்படியே இருக்கிறது. விரல் விட்டுப் பார்க்கும் சிறுவர்களைக் கொஞ்சம் தடுத்து வையுங்கள்.

மாரியில் பொசிகிற சுவரில் சீலை படாமல் மரச்சட்டம் அடித்த மேசன் அண்ணைக்கும், வெயில் விழாத சுவரை ஒதுக்கித் தந்த வாசிகசாலை நிர்வாகத்துக்கும் நன்றி.

அப்புறம் ஒரு விசயம். பிரித்த சுவெற்றர்களின் பொத்தான்கள் எல்லாம் ஒரு பிஸ்கற் ரின்னில் நூலகர் மேசையில் இருக்கின்றன. அவரவர் அடையாளம் பார்த்து எடுத்துக்கொள்ளுங்கள்.

வாசிகசாலை நெசவுப் பெண்கள்
திருகோணமலை