கூவைக்கிழங்கும் டஷீனும்

கிங்ஸ்டவுன், செயின்ட் வின்சென்ட்

அன்புள்ள முருகேசா,

மரவள்ளிக்கு இந்த ஆண்டும் விலை இல்லை என்று சேலத்திலிருந்து நீ எழுதிய கடிதம் கிடைத்தது. அதற்குப் பதிலாக நானும் கிழங்குக் கதையையே எழுதுகிறேன்.

சிறு வயதில் நமக்கு வயிறு கெட்டால் அம்மா காய்ச்சிக் கொடுத்த ஆரோரூட் கஞ்சி நினைவிருக்கிறதா? அந்தக் கூவைக்கிழங்கு மாவுக்கு உலகச் சந்தையில் நெடுங்காலம் பெயர்பெற்றிருந்தது கரீபியன் கடலில் உள்ள இந்தத் தீவுதான். 1861 ஜூன் 1 அன்று 'திருவாங்கூர்' என்ற கப்பலில் சென்னையிலிருந்து ஒப்பந்தக் கூலிகளாக இங்கு வந்து இறங்கியவர்கள் கரும்புத் தோட்டங்களுக்குப் போனார்கள். பின்னர் கரும்பு நொடித்தபோது கைகொடுத்தது கூவை.

சென்ற வாரம் வடக்கே ஓவியா என்ற ஊர் வரை போயிருந்தேன். எரிமலை அடிவாரத்துச் சரிவில், அறுபதைக் கடந்த ஓர் அம்மையார் மண்வெட்டியால் கிழங்கைக் கிளறி எடுத்து, அதன் நுனியை மட்டும் ஒடித்து அதே குழியில் செருகி மண்ணைத் தள்ளினார். அறுவடையும் நடவும் ஒரே குனிவில் முடிந்துவிடுகின்றன. அரைத்த கிழங்கை நீரில் கரைத்து, வடிகட்டி, மாவைப் படியவிட்டுக் காயவைக்கும் முறை உங்கள் ஊர் சேகோ ஆலைகளில் நாம் பார்த்ததுதான்.

சோளம், உருளைக்கிழங்கு ஆகியவற்றின் மலிவான மாவு வந்ததும் கூவை தளர்ந்தது. கார்பன் இல்லாமல் பிரதி எடுக்கும் தாளுக்கு இதன் மாவு மணிகள் பொருந்தியதால் இடையில் சிறிது காலம் மூச்சு வந்தது. அந்தத் தாளின் தேவை குறைந்ததும் அதுவும் போயிற்று. 2021 ஏப்ரல் 9 அன்று அந்தச் சூஃப்ரியேர் எரிமலை வெடித்துச் சாம்பல் கொட்டியபோது ஓவியா மக்கள் உட்பட வடபகுதி முழுவதுமே வெளியேற வேண்டியிருந்தது. ஆனாலும் பழியை எரிமலைமேல் போட எனக்கு மனம் வரவில்லை. சரிவில் இயந்திரம் ஏறாது. குனிந்து தோண்ட இளையவர்கள் வருவதில்லை.

1950களிலிருந்து தீவை ஆண்ட வாழையின் கதை வேறு. பிரிட்டனில் அதற்கு இருந்த சலுகைக்கு எதிராக 1997இல் உலக வர்த்தக அமைப்பு தீர்ப்பளித்தது. 2010 அக்டோபர் இறுதியில் தாமஸ் புயல் தோட்டங்களைச் சாய்த்தது. அதன்பின் பலரும் நம் சேம்பின் உறவுகளான டஷீனுக்கும் எடோவுக்கும் மாறினார்கள். காற்று இலையைக் கிழித்தாலும் கிழங்கு மண்ணுக்குள் பத்திரமாக இருக்கும். டஷீனின் இளம் இலையோ கல்லலூ சூப்புக்குப் போகும். டிரினிடாடுக்குப் படகில் மூட்டைகளை ஏற்றிச் செல்லும் சிறுவணிகர்களை இங்கே 'டிராஃபிக்கர்' என்கிறார்கள். முதல் முறை கேட்டபோது போதைப்பொருள் கடத்துகிறவர்களோ என்று திடுக்கிட்டேன்! டஷீனுக்கு ஆலை வேண்டாம், தொலைதூரத்து ஒற்றை வாங்குபவரும் வேண்டாம். பக்கத்துத் தீவின் சமையலறையே போதும். அது கூவையை முந்தியதற்கு எனக்குத் தெரியும் காரணம் இதுதான். ஆனால் அதையும் தோண்டுவது கைகள்தாமே.

உங்கள் பக்கம் மரவள்ளி பிடுங்க ஆட்கள் எப்படிக் கிடைக்கிறார்கள், நாள்கூலியா, மூட்டைக் கணக்கா என்று விவரமாக எழுது. அந்த அம்மையாரும் இதையே என்னிடம் கேட்டார்.

அன்புடன்,
இராமநாதன்